கிம்பர் துரைக்கு நான் அடிச்ச நோட்டீஸ்

அந்த ஜன்னல் ஓரத்தைக் கொஞ்சம் எனக்கு விடறீங்களா ஐயா? கரி பறந்து கண்ணுல விழுந்தாலும் பரவாயில்ல. நடுவுல அடைஞ்சு உட்கார்ந்தா எனக்கு ஆகாது. குப்பம் ஸ்டேஷன் வரைக்கும் எதிர்ப் பலகையிலதான் இருந்தேன், அங்க வெயில் அடிக்குது. ரொம்ப உபகாரம். நீங்க அரக்கோணம் வரைக்கும்தானே? டிக்கெட்டைப் பார்த்தேன், தப்பா நினைக்காதீங்க. அச்சுக் கோக்கறவன் கண்ணு, எழுத்து எங்க இருந்தாலும் போய் நின்னுடும். என் பேரு மாசிலாமணி. தங்கவயல் பஜார்ல ஒரு அச்சுக்கூடத்துல பதினாறு வருஷமா வேலை. புது எழுத்து வாங்க மெட்ராஸ் போறேன்.

உங்க ஊர் ரயில்வே ஒர்க்ஷாப்ல ஒரு வெள்ளைக்காரர் இருக்கார், கிம்பர்னு பேரு. பார்த்திருக்கீங்களா? நல்ல உசரம், இடது காலைக் கொஞ்சம் இழுத்து நடப்பார். மெதுவா யோசிச்சுப் பாருங்க. எனக்கு அவர்கிட்ட ஒரு வேலையும் கிடையாது, சும்மாதான் கேட்டேன்.

சும்மா இல்ல. சரி, ஆம்பூர் வர்றதுக்குள்ள சொல்லிடறேன், நீங்க ஒரு நியாயம் சொல்லுங்க. எங்க ஊர்ல எல்லாரும் என்னைக் குத்தவாளி மாதிரி பார்க்கறாங்க. என் வீட்டுக்காரி கூட அந்தப் பேச்சை எடுத்தா உள்ள போயிடறா. வெளியூர்க்காரர் நீங்க, உங்களுக்கு இந்தப் பக்கமும் இல்ல, அந்தப் பக்கமும் இல்ல.

மூணு வருஷத்துக்கு முன்னால எங்க சுரங்கத்து ஒர்க்ஷாப்புக்குக் கிம்பர் துரை போர்மேனா வந்தார். என் மச்சான் முனிரத்தினம் அங்க பிட்டர். என் வீட்டுக்காரிக்குத் தம்பி. ஒர்க்ஷாப் ஆளுங்க சேர்ந்து ஒரு புட்பால் டீம் வச்சிருந்தாங்க, அதுக்கு அவன் கேப்டன், நான் செக்ரட்டரி. அச்சுக்கூடத்துக்காரனுக்கு அங்க என்ன வேலைன்னு கேட்பீங்க. இங்கிலீஷ்ல கடிதாசு எழுத அவங்கள்ல ஆள் கிடையாது, அதான். நான் இன்னிக்கு வரைக்கும் பந்தைக் காலால தொட்டதில்ல.

ஒரு நாள் சாயங்காலம் எல்லாரும் ஆடிப் பழகிட்டிருக்கப்ப பந்து திடலைத் தாண்டி ரோட்டுக்கு ஓடிப்போச்சு. அந்த வழியா துரை போயிட்டிருந்தார். தொப்பி, கோட்டு, கையில ஒரு பை. பையைக் கீழ கூட வைக்கல, ஒரே உதை. பந்து நாப்பது கஜம் பறந்து வந்து முனிரத்தினம் காலடியில நாய்க்குட்டி மாதிரி அடங்கி நின்னுச்சு. துரை கொஞ்ச நேரம் நின்னு பார்த்துட்டுப் போயிட்டார். மறுநாளும் வந்து நின்னார். மூணாம் நாள் கோட்டைக் கழட்டி என் கையில குடுத்துட்டு உள்ள இறங்கிட்டார். அந்தக் கோட்டை அன்னிலேர்ந்து நான்தான் வாங்கி வைப்பேன். வேற யார் கையிலயும் குடுக்க மாட்டார்.

துரைமார் கிளப்புக்குன்னு தனியா டீம் இருக்கு. இவர் அங்க போய் ஆடறதுதானே முறை? அங்க முழங்கால் வலின்னு சொல்லிட்டாராம். முழங்கால் வலிக்காரர் எங்க ஆளுங்களோட தினமும் ரெண்டு மணி நேரம் ஓடறார். கிளப்புல அவங்களுக்கு இது பிடிக்கல. பிடிக்காம போனா போகட்டும்னு நாங்க விட்டுட்டோம்.

ஞாயித்துக்கிழமை மத்தியானம் ஆச்சுன்னா அச்சுக்கூடத்துக்கு வந்துடுவார். அவருக்குப் பாதி தமிழ் வரும், எனக்குப் பாதி இங்கிலீஷ் வரும், ரெண்டையும் ஒட்டுப்போட்டுப் பேசுவோம். நாற்காலி போடுவேன், உட்கார மாட்டார். எழுத்துப் பெட்டிகளுக்கு நடுவுல இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்துட்டே இருப்பார். மை துடைக்கிற துணி உருண்டை ஒண்ணு கிடந்தா போதும், பேச்சு ஒரு பக்கம், கால் ஒரு பக்கம், அதைத் தட்டித் தட்டித் தூக்கிட்டே இருக்கும். கீழ விழாது. நான் எண்ணுவேன், இருநூறைத் தாண்டினதும் விட்டுடுவேன்.

அப்படி நடந்துட்டே சொன்னதுதான் அவர் சரித்திரம். ஐயா, அவர் சாமானியப்பட்டவர் இல்ல. சீமையில பந்தாட்டம்தான் அவருக்குத் தொழில். நீங்க குமாஸ்தான்னீங்க, நான் அச்சுக் கோக்கறவன், அந்த மாதிரி அவர் பந்து ஆடறவர். வாரச் சம்பளம். அப்பா நிலக்கரிச் சுரங்கத்துல வேலை செஞ்சவர், இவரும் பதிமூணு வயசுல இறங்கியாச்சு. இருபது வயசுல ஒரு கிளப்புக்காரன் பார்த்து மேல தூக்கிட்டான். சனிக்கிழமைன்னா முப்பதாயிரம் ஜனம் நின்னு பார்க்குமாம். நாலு வருஷம் கழிச்சு அந்தக் கிளப்பு இவரை இன்னொரு கிளப்புக்கு வித்துட்டாங்க. ஆமா, விக்கறதுதான். இவரை ஒரு வார்த்தை கேட்கல. திங்கட்கிழமை காலையில வந்து, புது ஊருக்கு ரயில் பத்து மணிக்குன்னு சொன்னாங்களாம்.

அந்த ரெண்டாவது கிளப்புலதான் தகராறு. அம்மாவுக்கு உடம்பு சரியில்ல, எங்க ஊர்ப் பக்கமா ஒரு டீமுக்கு என்னை மாத்தி விடுங்கன்னு கேட்டிருக்கார். மாட்டேன்னுட்டாங்க. அப்ப நான் ஆடலன்னு இவர் சொல்ல, ஆட வேண்டாம், சும்மா இருன்னு அவங்க சொல்லியிருக்காங்க. அங்க ஒரு வழக்கம் பாருங்க. வருஷா வருஷம் ஒவ்வொரு கிளப்பும் தன் ஆளுங்க பேரை ஒரு பட்டியலா அச்சடிச்சு அனுப்பிடும். அதுல பேரு இருந்தா அந்த ஆள் வேற எந்தத் திடல்லயும் கால் வைக்க முடியாது. சம்பளம் குடுக்கணும்னு கூட இல்ல. பேரைப் பிடிச்சு வச்சிருந்தா போதும். ரெண்டு வருஷம் இவர் பேரு அந்தப் பட்டியல்லயே இருந்துச்சு. வாரத்துல ஆறு நாள் பழையபடி கரி வெட்டினார். சனிக்கிழமை மத்தியானத்துக்கு மேல திடலைச் சுத்திக் கட்டின கயித்துக்கு வெளியில நின்னு மத்தவங்க ஆடறதைப் பார்த்தார். இருபத்தஞ்சு, இருபத்தாறு வயசு. ஆடறவனுக்கு அந்த வயசு திரும்பி வருமா?

இதைச் சொல்றப்ப மட்டும் அந்தத் துணி உருண்டை கீழ விழுந்துடும்.

அப்புறம் பெரிய யுத்தம் வந்துடுச்சு, பட்டாளத்துக்குப் போனார். பிரான்சு தேசத்துல முழங்கால்ல குண்டுச் சில்லு. திரும்பி வந்து மூணாவதா ஒரு சின்னக் கிளப்புல ஒன்பது ஆட்டம். அதோட போதும்னுட்டாங்க. கப்பல் ஏறிட்டார். அந்தப் பட்டியல் கடல் தாண்டி வராதுன்னு சொல்லிச் சிரிப்பார். எனக்கு அது விளங்கவே இல்ல. பேரு அச்சுல வர்றதுக்கு யாராவது வருத்தப்படுவாங்களா? எங்க ஊர்ல பேரு அச்சுல வரணும்னு செத்த வீட்டு நோட்டீஸ்ல கூடச் சண்டை போடறாங்க.

போன வருஷம் எங்க ஊர்க் கப்புப் போட்டியில எங்க டீம் பைனலுக்கு வந்துச்சு. எதிர்ல துரைமார் கிளப்பு. பதினெட்டு வருஷமா அந்தக் கப்பு கிளப்பு அலமாரியை விட்டு இறங்கினதில்ல. கிம்பர் துரைக்கு முப்பத்தாறு வயசு, முழங்கால்ல துணி கட்டிட்டுதான் இறங்குவார். இது ஒண்ணு ஆடிட்டா போதும் மாசிலாமணி, இதோட காலுக்கு ஓய்வு குடுத்துடறேன்னார். இது ஒண்ணுன்னு அவர் சொன்னப்ப குரல் ஒரு மாதிரி இருந்துச்சு. வாழ்க்கையில ஒரு பைனல் கூட ஆடினதில்லயாம். அந்த ரெண்டு வருஷத்துலதான் அவரோட கிளப்பு ஒரு தடவை பைனலுக்குப் போச்சு. இவர் கயித்துக்கு வெளியில.

இதைக் கேட்ட பிறகு எனக்குக் கை சும்மா இருக்குமா? நீங்களே சொல்லுங்க. நோட்டீஸ் அடிக்கப் போறேன்னேன். சரின்னார். உங்க சரித்திரத்தைப் போடப் போறேன்னேன். வேணாம்னார். இங்கிலீஷ்ல ஒரு தடவை சொன்னார், தமிழ்ல ஒரு தடவை சொன்னார். அப்புறம் வந்து என் ரெண்டு கையையும் பிடிச்சுகிட்டு, "என் பேரு மட்டும் வேணாம் மாசிலாமணி"ன்னார். மூணு தடவை. பெரிய மனுஷங்களுக்கு அதுதானே அழகு? பந்தியில ஒருத்தர் இலையை மறைச்சுப் போதும் போதும்னா, சரின்னு வாளியைத் தூக்கிட்டுப் போயிடுவோமா? எங்க ஸ்கூல் எட்மாஸ்டருக்குப் பாராட்டு நடத்தினப்ப அவரும் மூணு தடவை வேணாம்னார். அன்னிக்கு மேடையில அவர் முகத்தைப் பார்த்திருக்கணும்.

மேல்பாதி தமிழ், கீழ்பாதி இங்கிலீஷ். சுத்திப் பூ பார்டர். அச்சுக்கூடத்துல இருந்ததுலயே பெரிய எழுத்தை எடுத்தேன். இப்ப கேட்டாலும் மனப்பாடமா சொல்வேன். 'இங்கிலாந்து தேசத்தில் பதினோரு வருஷகாலம் பந்தாட்டத்தையே தொழிலாகக் கொண்டு, மூன்று கீர்த்தி பெற்ற சங்கங்களில் சம்பளம் பெற்று விளையாடி, நூற்றுப் பதினெட்டு ஆட்டங்களில் நாற்பத்து மூன்று கோல் போட்டவரும், பந்தாட்ட சிங்கமும், நமது ஒர்க்ஷாப் குழுவின் தூணுமாகிய மகாராஜராஜஸ்ரீ ஆல்பர்ட் கிம்பர் துரை அவர்கள்.' ஒரு பிழை கிடையாது. முன்னூறு காப்பி. சனிக்கிழமை காலையில ஜட்காவுல பேண்டு வச்சு பஜார் முழுக்கக் குடுத்தோம். கிளப்பு வாசல்ல நானே போய் இருபது குடுத்தேன். அவங்களுக்கும் தெரியட்டும்னுதான்.

சாயங்காலம் நாலு மணிக்கு ஆட்டம். எங்க ஜனம் சுரங்கத்து லைன் வீடுகளைப் பூட்டிட்டு வந்து நிக்குது. துரை பூட்ஸ் மாட்டிகிட்டு நடுவுல நின்னு அந்தக் காலையும் இந்தக் காலையும் மாத்தி மாத்தி ஊனிட்டிருக்கார். விசில் ஊதற நேரம். கப்பு நடத்தற கமிட்டியோட செக்ரட்டரி உள்ள வந்தார், கையில என் நோட்டீஸ். எனக்குப் பெருமை தாங்கல, படிச்சிட்டு மரியாதை பண்ண வர்றார்னு நினைச்சேன். அவர் துரைகிட்ட போய், இதுல இருக்கிறது நிஜமான்னு கேட்டார்.

கப்புக்கு ஒரு விதி இருக்காம். ஆட்டத்துக்குச் சம்பளம் வாங்கினவன் எவனும் அதுல ஆடக்கூடாது. வாங்கினவன் ஆடினா அந்த டீமே வெளிய. எனக்கு எப்படித் தெரியும்? அதாவது, அந்த விதிப் புத்தகத்தைக் கோத்ததே நான்தான். எங்க அச்சுக்கூடத்துலதான் அடிச்சாங்க. ஏழாவது விதி, ஆறாம் பக்கம். ஆனா அச்சுக் கோக்கறவன் எழுத்தைப் பார்ப்பானா, அர்த்தத்தைப் பார்ப்பானா? ஒவ்வொரு எழுத்தா எடுத்துத் தலைகீழா அடுக்கறோம். அர்த்தத்தைப் பார்த்துட்டு உட்கார்ந்தா வேலை ஓடுமா? அப்புறம் இன்னொண்ணு. கூலி வாங்கறது என்னிக்கு ஐயா கேவலமாச்சு? அந்தத் திடல்ல நின்ன ஜனத்துல கூலி வாங்காதவன் யாரு?

துரை இல்லன்னு சொல்லியிருக்கலாம். அச்சுக்காரன் ஏதோ உளறிட்டான்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நானும் ஆமான்னு தலையாட்டியிருப்பேன். ஆட்டியிருப்பேனா? தெரியல. பிழையில்லாத நோட்டீஸ் அது.

அவர் அதைக் கையில வாங்கி மேலேர்ந்து கீழ வரைக்கும் படிச்சார். பிறகு நிஜம்தான்னு சொல்லிட்டார். நேரா என்கிட்ட நடந்து வந்தார். முனிரத்தினம் என்னை அடிக்க ஓடி வந்தான், அவனை ஒரு கையால தடுத்தார். "எழுத்து நல்லா இருக்கு, மாசிலாமணி." அவ்வளவுதான் சொன்னார். தமிழ்லதான் சொன்னார். வேலை தெரிஞ்சவர் வேலை தெரிஞ்சவனைப் பாராட்டறது அது. அப்புறம் திடலோட எல்லைக் கோட்டைத் தாண்டி உட்கார்ந்து பூட்ஸ் கயித்தை அவிழ்த்தார். ரொம்ப நேரம் ஆச்சு. நான் உதவிக்குக் குனிஞ்சேன், வேணாம்னார். அப்ப மட்டும் நான் விட்டுட்டேன்.

முந்தின ஆட்டங்கள்ல துரை ஆடியிருந்ததால கப்பு ஆடாமலே கிளப்புக்குப் போச்சு. எங்க ஆளுங்க ஒருத்தன் கூட என்கிட்டப் பேசல, செக்ரட்டரி வேலையும் போச்சு. முனிரத்தினம் எங்க வீட்டுப் படியை மிதிச்சே ஒரு வருஷத்துக்கு மேல ஆகுது. என் வீட்டுக்காரி தீபாவளிக்குத் தம்பி வரலன்னு அழுதா. கிம்பர் துரையைக் கிளப்புல யாரும் மதிக்கல. எங்க திடலுக்கும் அவர் வரல. ரெண்டு மாசத்துல வேலையை விட்டுட்டார். அரக்கோணம் ஒர்க்ஷாப்புல இடம் கிடைச்சிருக்கு, அங்கயும் ஒரு டீம் இருக்குன்னு முனிரத்தினம் யார்கிட்டயோ சொன்னது என் காதுக்கும் வந்துச்சு.

வழியனுப்ப நான் மட்டும்தான் ஸ்டேஷனுக்குப் போனேன். பிளாட்பாரத்துல அவரால ஒரு இடத்துல நிக்க முடியல, எப்பவும் போல நடந்துட்டே இருந்தார். வண்டி நகர்றப்ப வெளியில குனிஞ்சு, "அங்க யாருக்கும் என்னைத் தெரியாது, மாசிலாமணி"ன்னார். சிரிச்ச மாதிரிதான் இருந்துச்சு, ஆனா கண்ணுல தண்ணி. அது என் மனசை அறுத்துடுச்சு ஐயா. இவ்வளவு பெரிய ஆள், யாருன்னே தெரியாத ஊருக்கு அநாதை மாதிரி போறாரே. வீட்டுக்கு வந்தேன், சோறு இறங்கல. அந்த நோட்டீஸுக்குக் கோத்த எழுத்தை அப்படியே நூல் சுத்திக் கட்டி வச்சிருந்தேன், கலைக்க மனசு வரல. 'நமது ஒர்க்ஷாப் குழு'ங்கிறதை எடுத்துட்டு 'அரக்கோணம் ரயில்வே குழு'ன்னு போட்டேன். ஐம்பது காப்பி. டீம் செக்ரட்டரி பேருக்குப் பார்சல் பண்ணி அவர் போய்ச் சேர்ந்த நாலாம் நாள் கிடைக்கிற மாதிரி அனுப்பிட்டேன். கடிதாசும் மூணு போட்டேன், அவருக்கு. பதில் இல்ல. தபால்ல எங்கயோ தவறிடுச்சு.

உண்மையைச் சொல்லிடறேன். எழுத்து வாங்கறது ஒரு சாக்கு. நான் உங்க ஊர்லதான் இறங்கப் போறேன். அவர் முகத்தைப் பார்த்து, என் மேல கோவமான்னு ஒரு வார்த்தை கேட்கணும். கோவம் இருக்காதுன்னு தெரியும். இருந்தாலும் அவர் வாயால கேட்டா நான் ஒரு இடத்துல உட்காருவேன். ஒரு வருஷமா ஒரு இடத்துல உட்காரல ஐயா. வேலையில நிக்கிறேன், நடுவுல விட்டுட்டு வெளிய போறேன், ஏன் போனேன்னு தெரியாம திரும்பி வர்றேன்.

என்ன சொன்னீங்க?

அந்த நோட்டீஸை நீங்க பார்த்திருக்கீங்களா? கூட்ஸ் ஷெட் சுவர்லயா? பூ பார்டர் போட்டதுதானே? அதேதான், அதேதான். அப்ப பார்சல் போய்ச் சேர்ந்திருக்கு. பாருங்க, முதல்லயே சொல்லியிருக்கலாமே நீங்க. எல்லாரும் படிச்சாங்களா? சிங்கம்னு போட்டிருந்ததைப் படிச்சாங்களா?

அங்கயும் அந்த விதி இருக்கா.

ஒரு ஆட்டம் கூடவா? பேரு குடுத்திருந்தாரா? குடுத்துட்டு, உடுப்பு வாங்கிட்டு, அப்புறமா. சரி. சொல்லுங்க, நிறுத்தாதீங்க. தினமும் சாயங்காலம் வந்தாரா? கயித்துக்கு வெளியில ஒரு மரப்பெட்டி மேல உட்கார்ந்து பார்த்தாரா? உட்கார்ந்தா? அவர் உட்கார மாட்டாரே ஐயா. நான் நாற்காலி போட்டா கூட உட்கார மாட்டாரே. வேற ஆளா இருக்கும். இடது கால்தானா? கோட்டு? கோட்டை மடியில வச்சுகிட்டா?

அவர்தான்.

எவ்வளவு நாள் அப்படி? ஒரு மாசமா.

அந்த நோட்டீஸை அவர் படிச்சப்ப நீங்க பக்கத்துல இருந்தீங்களா? கிழிச்சாரா? கிழிக்கல. ஒண்ணும் சொல்லல. எழுத்து நல்லா இருக்குன்னு... இல்ல, அது கூடச் சொல்லல.

மூணு தடவை சொன்னார் ஐயா. என் கையைப் பிடிச்சு, வேணாம்னு. அவர் பிடிச்சது எனக்கு வலிச்சுது. மரியாதைக்குச் சொல்றவன் அப்படிப் பிடிக்க மாட்டான், இல்ல? அவர் பேரைப் பட்டியல்ல அடிச்சு வச்ச கிளப்புக்காரன் கூட ரெண்டு வருஷத்துல விட்டுட்டான். நான் விடல. நான்தான் விடல.

இப்ப அரக்கோணத்துல இல்லையா அவர்? போன பங்குனியிலயே போயிட்டாரா? எந்த ஊருக்கு... உங்களுக்குத் தெரியுமா? விலாசம் கூட இருக்கா?

வேணாம் ஐயா, சொல்லாதீங்க. அங்க ஒரு திடல் இருக்கும், இன்னும் ஒரு வருஷம் அந்தக் கால் ஓடும். ஊர் பேரு தெரிஞ்சா என் கை சும்மா இருக்காது. நான் கேட்டாலும் சொல்லாதீங்க. காட்பாடியில நான் இறங்கி எதிர் வண்டியைப் பிடிச்சுக்கறேன், அதுவரைக்கும் நான் எத்தனை தடவை கேட்டாலும் சொல்லாதீங்க.